பக்கத்து மனையில் உரிமம் இல்லாத முலாம் பட்டறை: நகராட்சியிடம் எதைக் கேட்பது?

மேற்கு மாவட்டம் ஒன்றின் நகராட்சிப் பகுதியில் வசிக்கும் 61 வயது வாசகி, ஓய்வுபெற்ற ஆசிரியை, ஏழு பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். அவர் யார் என்று தெரியாதபடி அதன் சாரத்தை மட்டும் தருகிறேன்.

அவருடைய வீட்டை ஒட்டிய காலி மனையில் இரண்டரை ஆண்டுகளுக்கு முன் ஒரு தகரக் கொட்டகை எழும்பியது. சரக்கு அடுக்கி வைக்கும் கிடங்கு என்று சொல்லி, மனைக்காரர் வாசகியின் கணவரிடம் "ஆட்சேபணை இல்லை" என்று ஒரு தாளில் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார். ஆறு மாதத்தில் கிடங்கு பட்டறையாகிவிட்டது. முதலில் வெல்டிங்கும் சாணை பிடிப்பதும் நடந்தன. பிறகு கைப்பிடி, கொண்டி, கீல் போன்ற சிறு உலோகப் பொருட்களுக்குப் பாலிஷ் போடும் வேலை வந்தது. கடந்த ஓராண்டாக அமிலத் தொட்டிகள் வைத்து முலாம் பூசும் வேலை நடக்கிறது. ஆறு பேர் வேலை செய்கிறார்கள். இரவு பதினொன்று வரை பாலிஷ் இயந்திரம் ஓடுகிறது. கழிவுநீர் சில நாள் தெருச் சாக்கடைக்கும், சில நாள் கொட்டகையின் பின்னால் தோண்டிய குழிக்கும் போகிறது. ஆஸ்துமா உள்ள கணவரால் பின்பக்க அறையில் படுக்க முடியவில்லை. ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீர் மஞ்சளித்து வருகிறது.

நகராட்சி ஆணையரிடம் நான்கு மனு, ஆட்சியர் அலுவலகத்தின் திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் ஒரு மனு, முதலமைச்சரின் உதவி மையத்தில் இரண்டு புகார் என்று அலைந்த பிறகு அவருக்குக் கிடைத்த பதில் ஒரே வரி: "பட்டறை உரிமையாளருக்கு உரிய அறிவுரை வழங்கப்பட்டது, மனு முடிவு செய்யப்பட்டது." பட்டறைக்காரரோ உத்யம் பதிவுச் சான்று, ஜிஎஸ்டி பதிவு, சொத்துவரி ரசீது, தொழில்வரி ரசீது எல்லாவற்றையும் காட்டி, "எல்லா லைசன்ஸும் இருக்கிறது" என்கிறார். "ஆறு குடும்பத்தின் பிழைப்பு" என்கிறார் வார்டு உறுப்பினர். வாசகி கேட்பவை: உரிமம் இல்லாத பட்டறையை மூட வேண்டியது நகராட்சியின் கடமை இல்லையா? கணவர் போட்ட கையெழுத்து நம்மைக் கட்டுப்படுத்துமா? பசுமைத் தீர்ப்பாயத்துக்கு நேரே போகலாமா? நடவடிக்கை எடுக்கும்வரை சொத்துவரி கட்டாமல் இருக்கலாமா? கடிதத்தின் கடைசிப் பக்கத்தில், தங்கள் வீட்டு மாடியில் அனுமதி வாங்காமல் ஒரு பகுதி கட்டி வாடகைக்கு விட்டிருப்பதையும் தயங்கித் தயங்கி எழுதியிருக்கிறார்.

அம்மா, அந்தக் கடைசிப் பக்கத்தை நீங்கள் மறைக்காமல் எழுதியது நல்லதாயிற்று. அதற்குப் பிறகு வருகிறேன். முதலில், கடிதத்தோடு நீங்கள் அனுப்பியிருக்கும் நான்கு மனு நகல்களைப் பற்றி.

நான்கிலும் கோரிக்கை ஒன்றுதான்: "மேற்படி பட்டறையை உடனடியாகப் பூட்டி முத்திரையிட வேண்டுகிறேன்." உங்கள் கோபம் நியாயமானது. ஆனால் சில ஆண்டுகள் ஒரு நகராட்சியின் தரப்பில் நீதிமன்றத்தில் நின்றவன் என்ற முறையில் சொல்கிறேன், இப்படி எழுதப்பட்ட மனுவைக் கோப்பில் புதைப்பது மிக எளிது. ஒரு சுகாதார ஆய்வாளர் போய்ப் பார்த்து, வாய்மொழியாக நான்கு வார்த்தை சொல்லிவிட்டு வந்து, "அறிவுறுத்தப்பட்டது" என்று எழுதினால் மனு முடிந்துவிடும். பூட்டும்படி நீங்கள் கேட்டீர்கள்; அவர்கள் பூட்டவில்லை; ஆனால் ஏன் பூட்டவில்லை என்று சொல்லும் கட்டாயத்தை அந்த மனு அவர்கள் மீது சுமத்தவில்லை. உங்கள் சிக்கலின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது.

நகராட்சியின் கடமை எது?

உங்கள் மனுக்கள் 1920ஆம் ஆண்டு மாவட்ட நகராட்சிகள் சட்டத்தின் 249, 250 பிரிவுகளைச் சுட்டுகின்றன. மனு எழுதிக் கொடுத்தவர் பழைய நகலைப் பார்த்து எழுதியிருக்கிறார். 2023 ஏப்ரல் 13 முதல் தமிழ்நாடு நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டம், 1998 நடைமுறைக்கு வந்துவிட்டது. அதற்கான விதிகளும் 2023இல் வெளியாகின. தவறான பிரிவைச் சுட்டியதால் மட்டும் ஒரு மனு செல்லாமல் போகாது, அதிகாரிக்கு அதிகாரம் இருக்கிறதா என்பதுதான் கேள்வி. ஆனாலும் தட்டிக்கழிக்க விரும்பும் அலுவலகத்துக்கு அது ஒரு சாக்கு. ஆகவே இனி எழுதும் மனுவில் 1998ஆம் ஆண்டுச் சட்டத்தையும் 2023ஆம் ஆண்டு விதிகளையும் பெயர் சொல்லிக் குறிப்பிட்டால் போதும். அடிப்படை ஏற்பாடு மாறவில்லை: குடியிருப்புகளுக்கு நடுவே ஆபத்தோ தொல்லையோ தரக்கூடிய தொழிலை நடத்த உள்ளாட்சி அமைப்பின் முன்அனுமதி வேண்டும், அதை வழங்கவும் மறுக்கவும் ரத்து செய்யவும் அதிகாரம் ஆணையரிடம் இருக்கிறது.

"அதிகாரம் இருக்கிறது என்றுதானே சட்டம் சொல்கிறது, செய்தே ஆக வேண்டும் என்று சொல்லவில்லையே" என்று உங்களிடம் ஒரு அலுவலர் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். அது பாதி உண்மை. பொதுமக்களின் நலனுக்காக ஓர் அதிகாரியிடம் ஒப்படைக்கப்படும் அதிகாரம், அதைப் பயன்படுத்த வேண்டிய சூழல் எழும்போது கடமையாகவும் ஆகிறது. பம்பாய் அந்தேரியில் ஒரு திரையரங்குக்கான அனுமதி தொடர்பாக எழுந்த கோர்தன்தாஸ் பான்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை 1951ஆம் ஆண்டிலேயே சொல்லிவிட்டது. அதே வழக்கில் இன்னொன்றும் சொல்லப்பட்டது: சட்டம் எந்த அதிகாரியிடம் முடிவை விட்டிருக்கிறதோ அவரே தம் மனத்தைச் செலுத்தி முடிவெடுக்க வேண்டும், மேலிடம் சொன்னது என்று அடுத்தவர் முடிவைத் தம் முடிவாக்கக் கூடாது. வார்டு உறுப்பினரின் சொல்லுக்கு உங்கள் ஊர் ஆணையர் காத்திருந்தால், அவர் அந்தத் தீர்ப்புக்கு எதிரே நிற்கிறார்.

ஆள் இல்லை, பணம் இல்லை என்ற பதிலும் நிற்காது. மத்தியப் பிரதேசத்தின் ரத்லம் நகரில், திறந்த சாக்கடையும் சாராய ஆலையின் நாற்றக் கழிவும் தெருவில் ஓடுவதை எதிர்த்துக் குடியிருப்போர் குற்றவியல் நடுவரிடம் போனார்கள். நகராட்சி நிதிப் பற்றாக்குறையைச் சொன்னது. 1980இல் நீதிபதி கிருஷ்ணய்யர் எழுதிய தீர்ப்பு அந்தச் சாக்கை ஏற்கவில்லை; சட்டம் சுமத்திய கடமைக்குக் காசில்லை என்பது பதிலாகாது என்றது.

இனி நீங்கள் கவனிக்க வேண்டிய மறுபக்கம். இந்தக் கடமை, நீங்கள் நினைப்பதுபோல், புகார் வந்த மறுநாள் பூட்டுவது வரை நீள்வதில்லை. நேரில் ஆய்வு செய்வது, உரிமம் உண்டா இல்லையா என்று பதிவு செய்வது, இல்லையென்றால் காரணம் கேட்டு எழுத்து மூலம் அறிவிப்புக் கொடுப்பது, பட்டறைக்காரரின் பதிலைக் கேட்பது, பிறகு காரணங்களுடன் ஓர் ஆணை பிறப்பிப்பது, அந்த ஆணையை நிறைவேற்றுவது என்று அது படிப்படியாகப் போகிறது. இவற்றில் ஒரு படியைத் தாண்டிக் குதித்து ஆணையர் பூட்டினால், அடுத்த வாரமே பட்டறைக்காரர் உயர் நீதிமன்றத்தில் தடை வாங்கிவிடுவார்; உங்களுக்கு இன்னும் ஈராண்டு போகும். கொட்டகையை இடிக்க வேண்டும் என்று கேட்பதானால் நடைமுறை இன்னும் கடுமையானது: 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிகளின்படி, இடிப்பதற்கு முன் பதிவு அஞ்சலில் அறிவிப்பு அனுப்பிப் பதினைந்து நாளாவது தர வேண்டும். ஆகவே நீங்கள் வலியுறுத்த வேண்டியது, ஆணையர் சட்டப்படி ஒரு முடிவை எழுத்தில் எடுக்க வேண்டும் என்பதை. நீதிமன்றத்தாலும் உறுதியாகக் கட்டளையிடக்கூடியது அதுதான்.

பட்டறைக்காரர் காட்டும் தாள்கள்

இந்த நான்கு தாள்களைக் கண்டு நீங்கள் மிரண்டிருப்பது கடிதத்தில் தெரிகிறது. உத்யம் பதிவு, 2020 ஜூலை 1 முதல் இணையத்தில் தொழில்முனைவோர் தாமாகவே செய்துகொள்ளும் பதிவு. கடன், மானியம், நிலுவைத் தொகை வசூல் ஆகியவற்றில் சிறுதொழில்களுக்கு உள்ள சலுகைகளைப் பெற அது உதவும். எந்த இடத்தில் எந்தத் தொழிலை நடத்தலாம் என்று அது அனுமதி தருவதில்லை, அதைத் தருமுன் யாரும் வந்து இடத்தைப் பார்ப்பதும் இல்லை. ஜிஎஸ்டி பதிவு வரிக்கானது. சொத்துவரியும் தொழில்வரியும் நடப்பது எதுவோ அதன் மீது விதிக்கப்படுபவை. அனுமதியற்ற கட்டடத்துக்கும் வரி விதிக்கலாம், விதித்ததால் அது அனுமதி பெற்றதாக ஆகிவிடாது. மின் இணைப்பும் அப்படியே.

அவரிடம் இருக்க வேண்டிய தாள்கள் வேறு. நகராட்சியின் தொழில் உரிமம், கொட்டகைக்கான திட்ட அனுமதியும் கட்டட அனுமதியும், அந்த மனை இருக்கும் பகுதியின் நிலப் பயன்பாடு இந்தத் தொழிலை ஏற்கிறது என்பதற்கான சான்று ஆகியவை வேண்டும். முலாம் பூசுவதால், மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்திடம் 1974ஆம் ஆண்டு நீர்ச் சட்டத்தின் கீழும் 1981ஆம் ஆண்டு காற்றுச் சட்டத்தின் கீழும் நிறுவுவதற்கு ஒன்று, இயக்குவதற்கு ஒன்று என்று இசைவாணைகளும் வேண்டும். அமில முலாம் வேலை, மாசு மிகுந்தது என்று வாரியங்கள் சிவப்புப் பிரிவில் வைத்திருக்கும் தொழில். தொட்டியின் அடியில் தங்கும் சேறு 2016ஆம் ஆண்டு விதிகளின்படி அபாயகரக் கழிவு. வெறும் வெல்டிங் பட்டறையாகவே இருந்திருந்தால் உங்கள் வழக்கு இத்தனை வலுவாக இருந்திருக்காது என்று சொல்வேன். பாலிஷ் இயந்திரத்துக்கு நேரக் கட்டுப்பாடும் தூசி உறிஞ்சியும் நிபந்தனையாக வைத்து உரிமம் தர ஆணையருக்கு ஒருவேளை வழி இருக்கலாம். குடியிருப்புக்கு நடுவே அமிலத் தொட்டிக்கு அப்படி ஒரு வழியை என்னால் யோசிக்க முடியவில்லை.

இன்னொரு தீர்ப்பும் உங்களுக்கு உதவும். 2024 டிசம்பரில் உத்தரப் பிரதேச வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம், அனுமதியற்ற கட்டடம் எதிலும் தொழில் நடத்த உள்ளாட்சி அமைப்பு உள்பட எந்த அதிகாரியும் உரிமம் தரக் கூடாது என்று பொதுவாகவே கட்டளையிட்டிருக்கிறது. எனவே, இப்போது அவசரமாக விண்ணப்பம் போட்டு உரிமம் வாங்கிவிடுவேன் என்று பட்டறைக்காரர் முனைந்தாலும், கொட்டகைக்குக் கட்டட அனுமதி இல்லையென்றால் அந்தக் கதவும் திறக்காது. அதே சமயம், முன்பே விண்ணப்பித்து, உரிய நாளுக்குள் பதில் வராததால் உரிமம் கிடைத்ததாகவே கருத வேண்டும் என்று அவர் வாதிடக்கூடும். அதனால்தான் அவர் எப்போதாவது விண்ணப்பித்தாரா என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தின் வழியாக நீங்கள் முன்கூட்டியே தெரிந்து வைத்திருக்க வேண்டும்.

உங்கள் கணவரின் கையெழுத்தைப் பற்றி அதிகம் கவலைப்பட வேண்டாம். சட்டம் அனுமதி கேட்கும் இடத்தில் பக்கத்து வீட்டுக்காரரின் சம்மதம் அனுமதியாகாது. அதிலும் அவர் சம்மதித்தது கிடங்குக்கு. ஆனால் அந்தத் தாளை எதிர்த்தரப்பு நீதிமன்றத்தில் நீட்டும். ஆகவே நீங்களே மனுவில் அதை முதலில் சொல்லி, எதற்காகக் கையெழுத்திட்டார் என்பதையும் விளக்கிவிடுங்கள்.

உங்கள் வீட்டு மாடி

இதை நான் மென்மையாகச் சொல்ல முடியாது. நீங்கள் வழக்கில் இறங்கிய பத்து நாளில் உங்கள் மாடியைப் பற்றி ஒரு மனு நகராட்சிக்குப் போகும். இத்தகைய வழக்குகளில் நான் பார்த்தவரை அது வழக்கம். சட்டப்படி இரண்டும் வேறு வேறு விஷயங்கள். உங்கள் மாடி அனுமதியற்றது என்பதால் பக்கத்து மனையில் அமிலத் தொட்டி வைக்க உரிமை பிறந்துவிடாது. ஆனால் நீதிப்பேராணை, அதாவது அதிகாரிக்கு உயர் நீதிமன்றம் இடும் கட்டளை, நீதிமன்றம் தன் விருப்புரிமையின்படி தருவது. உண்மையை மறைத்து வந்தவருக்கு அது கிடைப்பதில்லை. ஆகவே இந்த மாதமே ஒரு பதிவுபெற்ற கட்டடப் பொறியாளரிடம் வரைபடத்தைக் காட்டி, மாடியை முறைப்படுத்த முடியுமா, எந்த அளவை மாற்ற வேண்டும் என்று கேட்டு விண்ணப்பத்தைப் போட்டுவிடுங்கள். முறைப்படுத்தவே முடியாது என்று தெரிந்தால், அதனால் வரும் இழப்பு எவ்வளவு, பட்டறையால் வரும் கேடு எவ்வளவு என்று வீட்டில் உட்கார்ந்து கணக்குப் போட்டுவிட்டு முடிவெடுங்கள். அந்த முடிவை உங்களுக்காக நான் எடுக்க முடியாது.

சொத்துவரியை நிறுத்தி வைக்கும் யோசனையைக் கைவிடுங்கள். வரி கட்டாதவர் என்ற பெயர் உங்கள் கோப்பில் ஏறும். நகராட்சிக்கு அதனால் ஒன்றும் குறையாது.

எந்த வாசலை, எந்த வரிசையில்

முதல் வேலை ஆணையருக்குப் புதிய மனு. ஒரே பக்கம் போதும். பட்டறை இருக்கும் புல எண் அல்லது கதவு எண், நடக்கும் தொழில்கள், வேலை நேரம், எப்போது தொடங்கியது என்பவற்றை எழுதுங்கள். முந்தைய மனுக்களின் தேதிகளைக் குறிப்பிடுங்கள். பிறகு, நேரில் ஆய்வு செய்து, உரிமமும் கட்டட அனுமதியும் இருக்கின்றனவா என்று பதிவு செய்து, இல்லையெனில் அறிவிப்புக் கொடுத்து, இரு தரப்பையும் கேட்டு, காரணங்களுடன் ஆணை பிறப்பித்து அதன் நகலை உங்களுக்குத் தர வேண்டும் என்று கேளுங்கள். விரைவு அஞ்சலில், பதிவு வசதியும் ஒப்புகையும் கேட்டு அனுப்புங்கள். நேரில் கொடுப்பதானால் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். நகல் ஒன்றை நகராட்சி நிர்வாகத்தின் மண்டல இயக்குநருக்கும் அனுப்பலாம். பகட்டான சொற்களும் வசைச் சொற்களும் வேண்டாம். நீங்கள் பழைய மனு ஒன்றில் எழுதிய "லஞ்சம் வாங்கிக்கொண்டு" என்ற வரி, ஆதாரம் இல்லாதபோது உங்களுக்கு எதிராகவே திரும்பும்.

அதே நாளில் 2005ஆம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டத்தின் கீழ் நகராட்சியின் பொதுத் தகவல் அலுவலருக்குப் பத்து ரூபாய் கட்டணத்துடன் ஒரு விண்ணப்பம் போடுங்கள். "ஏன் நடவடிக்கை எடுக்கவில்லை" என்று கேட்காதீர்கள். ஏன் என்ற கேள்விக்குப் பதில் சொல்ல அந்தச் சட்டம் அவர்களைக் கட்டாயப்படுத்துவதில்லை. ஆவணத்தைக் கேளுங்கள்: அந்த முகவரிக்கு வழங்கப்பட்ட தொழில் உரிமத்தின் நகல், உரிமம் கேட்டு வந்த விண்ணப்பம் இருந்தால் அதன் நகல், கட்டட அனுமதி நகல், உங்கள் மனுக்கள் மீதான ஆய்வறிக்கைகள், கோப்புக் குறிப்புகள், "அறிவுரை வழங்கப்பட்டது" என்ற பதிலுக்கு ஆதாரமான கடிதம். இல்லையென்றால் இல்லை என்று எழுதித் தரும்படி கேளுங்கள். முப்பது நாளில் பதில் வர வேண்டும். "அப்படி எந்த உரிமமும் வழங்கப்படவில்லை" என்று நகராட்சியே கையெழுத்திட்டுத் தரும் அந்த ஒரு வரிதான் பிறகு உயர் நீதிமன்றத்தில் உங்கள் முதல் ஆவணம். பதில் வராவிட்டால் அடுத்த முப்பது நாளுக்குள் முதல் மேல்முறையீடு செய்யுங்கள்.

மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளரை நீங்கள் இதுவரை அணுகவே இல்லை என்பது எனக்கு ஆச்சரியம். உங்கள் வழக்கில் மிக விரைவாகக் கைநீட்டக்கூடியவர் அவர்தான். நீர்ச் சட்டத்தின் 33ஏ பிரிவும் காற்றுச் சட்டத்தின் 31ஏ பிரிவும், ஆலையை மூடவும் மின்சாரத்தையும் தண்ணீரையும் துண்டிக்கவும் உத்தரவிட வாரியத்துக்கு அதிகாரம் தருகின்றன. இசைவாணை இல்லாமல் முலாம் தொட்டி ஓடுவதை அவர் நேரில் கண்டு எழுதினால், நகராட்சி அதைப் புறக்கணிக்க முடியாது. புகார் கொடுக்குமுன் உங்கள் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரைக் குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வகத்தில் கட்டணம் செலுத்திச் சோதித்து அறிக்கை வாங்குங்கள். குரோமியத்தையும் நிக்கலையும் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். குடிநீருக்கான இந்தியத் தரம் லிட்டருக்குக் குரோமியம் 0.05 மில்லிகிராம், நிக்கல் 0.02 மில்லிகிராம் என்று வரம்பு வைத்திருக்கிறது. மஞ்சள் நிறம் இரும்பாலும் வரலாம், ஆகவே அறிக்கை வரும்வரை பட்டறைதான் காரணம் என்று எழுத வேண்டாம். அதுவரை அந்தத் தண்ணீரைக் குடிக்கவும் சமைக்கவும் பயன்படுத்தாதீர்கள். தொழிற்சாலை ஆய்வாளரை நம்பிக் காத்திருக்க வேண்டாம். ஆறு பேர் வேலை செய்யும் பட்டறை பொதுவாக அவருடைய சட்டத்தின் ஆள் எண்ணிக்கை வரம்புக்குள் வராது.

இரவு இரைச்சலுக்குத் தனி வழி உண்டு. 2000ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகளின்படி குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவு பத்து முதல் காலை ஆறு வரை 45 டெசிபல். அந்த அளவைப் பத்து டெசிபலோ அதற்கு மேலோ தாண்டினால் புகார் கொடுக்க விதி இடம் தருகிறது. கைபேசிச் செயலியின் அளவு சான்றாக நிற்காது. ஆனால் தேதி, நேரம் போட்டு நாட்குறிப்பு எழுதி வாருங்கள்.

நிர்வாக நடுவர் அதிகாரமும் உள்ள வருவாய்க் கோட்டாட்சியரிடம் போவது ரத்லம் மக்கள் போன அதே வழி. உங்கள் மனுவில் உள்ள குற்றவியல் நடைமுறைச் சட்டம் 133ஆம் பிரிவு இப்போது இல்லை. 2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152ஆம் பிரிவு அதன் இடத்தில் இருக்கிறது. மக்களின் உடல்நலத்துக்குக் கேடான தொழிலை நிறுத்தவோ ஒழுங்குபடுத்தவோ நிபந்தனை ஆணை பிறப்பித்து, எதிர்ப்பு இருந்தால் வந்து சொல்லும்படி கோட்டாட்சியர் அழைக்கலாம். ஒன்று மட்டும் நினைவில் இருக்கட்டும், இந்தப் பிரிவு ஊராருக்கு நேரும் தொல்லைக்கானது. இரண்டு வீட்டுக்காரர்களின் சண்டை என்று எதிர்த்தரப்பு காட்டிவிட்டால் மனு தள்ளுபடியாகும். ஆகவே சாக்கடையில் கலக்கும் கழிவையும் தெரு முழுவதும் பரவும் வாடையையும் முன்னால் வையுங்கள். உங்கள் கணவரின் ஆஸ்துமா பின்னால் வரட்டும்.

இவை எல்லாம் நடந்து, புதிய மனு கொடுத்து ஆறு வாரமாவது கழிந்தும் ஆணை வரவில்லையென்றால், அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் செயலுறுத்தும் நீதிப்பேராணை, அதாவது கடமையைச் செய்யும்படி ஆணையருக்கு இடும் கட்டளை, கேட்கலாம். பட்டறைக்காரரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அவரைக் கேளாமல் நீதிமன்றம் அவருக்கு எதிராக ஒன்றும் சொல்லாது. இங்கே உங்கள் வழக்கறிஞரிடம் ஒன்றைக் கண்டிப்பாகப் பேசுங்கள். இத்தகைய வழக்குகளில் "மனுதாரரின் மனுவைச் சட்டப்படி பரிசீலித்து எட்டு வாரத்துக்குள் முடிவு செய்க" என்று முதல் நாளிலேயே ஓர் ஆணை கிடைத்து, எல்லோரும் வெற்றி என்று வீட்டுக்குப் போவார்கள். எட்டாவது வாரத்தில் "பரிசீலிக்கப்பட்டு நிராகரிக்கப்படுகிறது" என்ற தாள் வந்து சேரும். கோரிக்கையிலேயே, பட்டறைக்காரருக்கும் உங்களுக்கும் வாய்ப்பளித்து, உரிமம், கட்டட அனுமதி, நிலப் பயன்பாடு ஆகிய மூன்றைப் பற்றியும் தனித்தனியே காரணம் சொல்லி ஆணையிட வேண்டும் என்று கேட்கச் சொல்லுங்கள். தகவல் உரிமைப் பதில் கையில் இருந்தால், அதற்கு மேலும் கேட்கலாம்.

சென்னையில் உள்ள பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வைப் பற்றி உங்கள் உறவினர் சொன்னது முழுமையில்லை. நகராட்சி உரிமம் இல்லை என்பதை மட்டும் வைத்து அங்கே போக முடியாது. நீர், காற்று, சுற்றுச்சூழல் பாதுகாப்பு போன்ற குறிப்பிட்ட சட்டங்களின் மீறலாக இருக்க வேண்டும். அந்தத் தீர்ப்பாயத்துக்கான 2010ஆம் ஆண்டுச் சட்டத்தின் 14ஆம் பிரிவில் வழக்குக் காரணம் முதலில் எழுந்ததிலிருந்து ஆறு மாதமும், தக்க காரணம் காட்டினால் மேலும் அறுபது நாளும்தான் காலம். முலாம் வேலை தொடங்கியே ஓராண்டாகிவிட்டது. மாசுபட்ட இடத்தைச் சீர்செய்யவும் இழப்பீட்டுக்கும் 15ஆம் பிரிவில் ஐந்தாண்டு உண்டு. எனவே கிணற்று நீர் அறிக்கை மோசமாக வந்தால் அந்த வாசல் இன்னும் திறந்தே இருக்கிறது. அறிக்கை வரும்முன் அங்கே போய்ச் செலவழிக்க வேண்டாம்.

அந்த ஆறு பேர்

"அவர்கள் வயிற்றில் அடிக்கிறேனோ என்று இரவில் தூக்கம் வரவில்லை" என்று எழுதியிருக்கிறீர்கள். வார்டு உறுப்பினர் உங்களிடம் சொன்னதை நகராட்சியிடம் அவர் சொல்லியிருக்க வேண்டும் என்பேன்: இரண்டரை ஆண்டுக்கு முன்பே ஆய்வாளர் வந்து எழுத்தில் மறுத்திருந்தால், கடன் வாங்கித் தொட்டி வைக்குமுன்பே அந்த மனிதர் வேறு இடம் பார்த்திருப்பார். கையுறை கூட இல்லாமல் அமிலத்தில் கை விடும் அந்த ஆறு பேர்தான் உங்களைவிட அருகில் நின்று அந்தக் காற்றைச் சுவாசிக்கிறார்கள். தொழிலை வேறிடத்துக்கு மாற்ற மூன்று மாதமோ ஆறு மாதமோ அவகாசம் தர நீங்கள் தயார், அதுவரை முலாம் தொட்டி மட்டும் உடனே நிற்க வேண்டும் என்று உங்கள் மனுவிலேயே எழுதலாம். 1970 முதல் இயங்கும், மாநில அரசின் சிறுதொழில் வளர்ச்சிக் கழகமான சிட்கோவின் தொழிற்பேட்டை ஏதாவது உங்கள் பகுதிக்கு அருகில் இருந்தால் அதையும் குறிப்பிடலாம். இப்படிக் கேட்பவரை நீதிமன்றம் பழிவாங்க வந்தவராகப் பார்ப்பதில்லை; ஆணையருக்கும் ஆணையை எழுதுவது எளிதாகிறது.

கடைசியாக, தெருவில் வேறு யாரும் கையெழுத்துப் போட வரவில்லை என்று வருந்தியிருந்தீர்கள். ஆணையரிடம் மனு கொடுக்கவும், நீதிப்பேராணை கேட்கவும், உங்கள் வீட்டு நிம்மதி கெடுகிறது என்று பட்டறைக்காரர் மீது உரிமையியல் நீதிமன்றத்தில் தடை வழக்குப் போடவும் நீங்கள் ஒருவரே போதும். பொதுத் தொல்லை என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 91ஆம் பிரிவில் வழக்குப் போடுவதானால் மட்டும், நீதிமன்ற அனுமதியுடன், குறைந்தது இருவர் வேண்டும். அந்த இரண்டாமவர் உங்கள் கணவராகவே இருக்கலாம். எதிர்வீட்டாரை வற்புறுத்தாதீர்கள். கோட்டாட்சியரின் விசாரணை நாள் தெரிந்ததும், அன்று வந்து தாங்கள் கண்டதைச் சொல்ல முடியுமா என்று மட்டும் கேட்டுப் பாருங்கள். தகவல் உரிமைப் பதிலும் தண்ணீர் அறிக்கையும் வந்தபின் நகல்களை எனக்கு அனுப்பினால், எந்த வழக்கு உங்களுக்குப் பொருந்தும் என்பதை அப்போது இன்னும் திட்டமாகச் சொல்ல முடியும்.